குளோசப்புக்கு வளர்த்த தாடி

வால்ட்ராவுட்டின் இடது கை கணவரின் தாடையை நிமிர்த்திப் பிடித்திருந்தது. வலது கை சவரக்கத்தியை மெல்ல இழுத்தது. போர்க்காலத்தில் நர்ஸாக எத்தனையோ பேருக்குச் சவரம் செய்த கை. தாடிக்கு அடியில் தோல் சிவந்து, அங்கங்கே நீர் கோத்திருந்தது.

"இந்தப் புண்ணோட எப்படி இருந்த, எவால்ட்?"

"கேமராவுக்கு அரிப்பு தெரியாதே."

"ஆடாம இரு. காது போயிடும்."

"போகட்டும். காதுக்கு இதுவரைக்கும் யாரும் வசனம் எழுதினதில்ல."

எவால்ட் கிரெம்ஸ், போர் முடிந்த மறு வருஷம், ஜனங்கள் டிக்கெட்டுக்குப் பதில் நிலக்கரிக் கட்டி கொடுத்துவிட்டு நாடகம் பார்த்த அரங்கில் நடிக்கத் தொடங்கியவர். பிறகு மியூனிக்கில் சினிமா. தபால்காரர், ஸ்டேஷன் மாஸ்டர், மலைக்கிராமத்துப் பாதிரியார். கதாநாயகிக்குக் கதவு திறந்துவிடுவார். அதைச் சாத்துவதற்குள் கேமரா அவளோடு போயிருக்கும். தெருவில் பார்ப்பவர்கள் இன்ஷூரன்ஸ் ஏஜென்ட் என்று நினைத்து வணக்கம் சொல்வார்கள்.

இந்தப் படத்தில்தான் முதல் தடவையாக முகம் மட்டும் ஒரு ஷாட். ரஷ்யக் கைதிமுகாமிலிருந்து மகன் திரும்புகிறான். வாசலில் நிற்கும் அப்பா, எவால்ட் நடிக்கும் கிழட்டு விவசாயி, அவனைப் பார்க்கிறார். வசனம் கிடையாது. அவ்வளவு கிட்டத்தில் ஒட்டுத்தாடி தெரிந்துவிடும் என்று இயக்குநர் சொந்தத் தாடி கேட்டார். நேற்று அந்த ஷாட்டை எடுத்தாயிற்று. ஃபிலிம் கழுவும் லேபிலிருந்து 'சரி' என்று தகவல் வரும்வரை முகத்தில் கத்தி வைக்கக் கூடாது. சினிமாவுக்கு நேற்று வந்தவனுக்கும் தெரிந்த சட்டம். எவால்டுக்குத் தெரியாதா? ஆனால் தகவல் நாளைக்குத்தான் வரும், தூக்கம் போய் ஒரு வாரம் ஆகிறது. "போதும், எடுத்துடு" என்றார். புண்ணைப் பார்த்தவள் சவரக்கத்தியை எடுத்தாள்.

சாயங்காலமே கீழ்வீட்டு ஃப்ராவ் ஷ்லெம்மர் டெலிபோனுக்குக் கூப்பிட்டாள். பேசிவிட்டு வந்த எவால்ட் மாடிப்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"நெகட்டிவ்ல கீறல் விழுந்திருக்காம். நாளைக்குக் காலையில திரும்ப எடுக்கணுமாம்."

"தாடிய எடுத்தத சொன்னியா?"

"சொன்னேன். 'நேத்து வந்தவரா நீங்க, கிரெம்ஸ்?'ன்னார் டைரக்டர். ஒட்டுத்தாடி வச்சு முதுகுப் பக்கமா எடுத்துக்கறாராம். மகனோட முகம் தெரிஞ்சாப் போதுமாம்."

"ஒரு மாசம் தள்ளி எடுக்கச் சொல்லக் கூடாதா?"

"எனக்காகவா? மகனா நடிக்கிற ஹீரோ நாளை மறுநாள் வியன்னா போறான், வால்ட்ராவுட்."

அவள் பக்கத்தில் உட்காரவில்லை. "எழுந்திரு. சூப் ஆறுது."

மறுநாள் காலை அவளும் கூடப் போனாள். எவால்டின் தாடையில் மருந்துத் துணி கட்டி, காதோரம் மட்டும் கொஞ்சம் பொய் முடி ஒட்டினார்கள். பின்னாலிருந்து அது போதும். அவள் கேமராவுக்குப் பின்னால் நின்றாள். அவளுக்கும் முதுகுதான் தெரிந்தது. தோள் லேசாக ஏறி இறங்கியது. எதிரே ஓடிவந்த ஹீரோ அந்த முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டான். நிஜமாகவே அழுதான். ஒரே டேக்.

இயக்குநர் போய் ஹீரோவைத் தட்டிக்கொடுத்தார். விளக்கைத் தூக்கி வந்தவர்கள், "கொஞ்சம் வழி விடுங்க, ஹெர் கிரெம்ஸ்" என்றார்கள். எவால்ட் ஒதுங்கி நின்றார்.