ராஜன் அண்ணை இருட்டில் நின்று பேசியது

செவ்வாய்க்கிழமை காலை வேலைக்குப் புறப்படும்போது தொலைபேசி அடித்தது. "பிள்ளை, அவர் எங்களை விட்டிட்டுப் போட்டார்," என்றார் ராஜன் அண்ணையின் மனைவி.

கனடாவுக்கு வருமுன் அண்ணை ஜப்பானில், ரோக்கியோவில் இருந்தவர். கிழமை நாட்களில் அச்சகத்தில் வேலை. விடுமுறையில், சொந்தக் காசில் படமெடுக்கும் இளம் இயக்குநர்களுக்கு நடிப்பு. கிடைத்தவை பெயரில்லாத வேடங்கள்: இரும்பு சுமப்பவன், அடுத்த அறைக்காரன். "வசனம் இல்லாட்டி என்ன, முதுகாலையும் நடிக்கலாம்," என்பார். ஸ்காபரோவில் எங்கள் நாடக ஒத்திகைகளில் அந்த முதுகைப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

அந்தப் படங்களில் ஒன்றை இங்கே திரையிட்டோமே, இதை வாசிக்கும் உங்களில் பலர் வந்திருந்தீர்கள். அன்று பின்னேரம் ஒலியைச் சரிபார்க்க நானும் அண்ணையும் படத்தை ஓட்டினோம். தொலைபேசிக் கூண்டிலிருந்து அவர் ஊருக்குப் பேசும் காட்சி வந்தது. "உன் மொழியில் எதையாவது பேசு" என்று இயக்குநர் விட்டுவிட்டாராம். அண்ணை தம்பி குமரனோடு பேசுவதாகவே பேசியிருந்தார்: போர்க்காலத்தில் பிடிபடாமல் கொழும்பில் அவன் ஒளிந்திருந்த வீதி, வீட்டுக்காரர் பெயர், எல்லாம்.

நாங்கள் படத்தைத் திரையிட்ட அன்றும் குமரன் அந்த வீட்டில்தான் இருந்தான்.

"என்னண்ணை, விசரே உங்களுக்கு?"

"அங்கை ஆருக்குப் பிள்ளை தமிழ் விளங்கும்? பொய்யாக் கதைக்க எனக்கு முகம் வராது."

"இஞ்சை மண்டபம் முழுக்க எங்கடை சனம். ஆர் ஆருக்குச் சொல்லுவினமெண்டு தெரியுமே?"

அவர் முகம் வெளிறியது. படத்தை நிறுத்தினால் ஏனென்று கேட்பார்கள், அதுவே கதையாகிவிடும். கடைசியில், "அந்த இடத்திலை நீ சத்தத்தைக் குறை. நான் மைக்கிலை கதைக்கிறன்," என்றார்.

குறைத்தேன். திரையோரம் இருட்டில் நின்று, திரையிலிருந்த தன் உதடுகளுக்குப் பொருந்தப் பேசினார். வீதியின் பெயர் வந்த இடத்தில் "சாப்பிட்டியே?" வீட்டுக்காரர் பெயருக்கு "குடையைக் கொண்டு போ." நீங்கள் கைதட்டினீர்கள். வெளியே வந்தபோது அவர் சட்டை தெப்பமாய் நனைந்திருந்தது. குமரன் இங்கே வந்திறங்கும்வரை, அவனைப் பற்றிய கெட்ட செய்தியாக இருக்குமோ என்று, வீட்டில் தொலைபேசி அடித்தால் அவர் எடுத்ததேயில்லை.

படச்சுருள் ஜப்பானுக்குத் திரும்பிவிட்டது. இறுதிச் சடங்கில் குமரன் கேட்டான்: "அக்கா, அதிலை அண்ணை உண்மையிலை என்ன சொன்னவர்?"

வீதியைச் சொன்னேன், பெயரைச் சொன்னேன். பிறகு அவர் கடைசியாகச் சொன்னதை: "லைற்றைப் போடாதை. ஆர் தட்டினாலும் திறவாதை. நான் திருப்பி ஃபோன் எடுக்கிறன்."

"அப்பிடியே அவர் மாதிரிச் சொல்லுங்கோ," என்றான்.

முயன்றேன். எனக்கு வரவில்லை. ஆனால் அந்தக் குரல் என் காதில் அப்படியே இருக்கிறது.