திரையின் கீழ் ஓரம்

எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை என்றால் சினிமா. முதலிபாளையத்துக்குப் பக்கத்தில், வீட்டை ஒட்டிய ஷெட்டில், பனியன் துணி பின்னும் நிட்டிங் மிஷின்களை ஓட்டிப் பிழைப்பவர்கள் நாங்கள். வாரம் முழுக்க அந்த இரைச்சல்தான். ஞாயிறு மத்தியானம் மிஷின்களை நிறுத்திவிட்டுச் சாப்பிட்டு முடித்ததும் நான், மனைவி, கல்லூரியில் படிக்கும் மகள், அடுத்த தெருவிலிருந்து வந்துவிடும் மனைவியின் தம்பி என்று நான்கு பேரும் டிவி முன்னால் உட்கார்ந்துவிடுவோம்.

போன வருஷம் ஒரு ஞாயிறு, படம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் மனைவி எழுந்து போனாள். வெங்காயம் உரிக்கப் போகிறாளாம். மத்தியானம் வைத்த குழம்பு சட்டி நிறைய இருக்கும்போது யாருக்காக இந்த வெங்காயம்? பின்னாலேயே போய்க் கேட்டேன்.

"படம் நல்லாத்தானே இருக்குது, ஏன் எந்திரிச்சு வந்துட்ட?"

"நல்லாருக்குதுன்னு நீங்கதான் சொல்றீங்க" என்றாள். "எனக்குச் சத்தம் வருதுங்க, பேச்சு வர மாட்டேங்குது. என்ன சொன்னான்னு கேட்டா ஒண்ணுமில்லைங்கறீங்க. ஒண்ணுமில்லாததுக்கா மூணு பேரும் அப்பிடிச் சிரிக்கறீங்க?"

எனக்குச் சுருக்கென்றது. பக்கத்தில் உட்கார்ந்து நானும் இரண்டு வெங்காயம் உரித்தேன்.

நூல் எடுக்க, துணி கொடுக்க என்று நான் பாதி நேரம் வெளியே சுற்றியவன். மிஷினோடு நின்றவள் அவள். எந்த மிஷினில் ஊசி உடைந்தது என்று சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவாள். அப்படிப்பட்ட காதை அந்தச் சத்தமே தின்றுவிட்டது. டாக்டர் காதுக்கு மிஷின் கொடுத்தார். எதிரே உட்கார்ந்து முகம் பார்த்துப் பேசினால் அதை வைத்துக்கொண்டு சமாளித்துவிடுவாள். சினிமாவில் பாட்டும் வண்டிச் சத்தமும் வசனமும் சேர்ந்து வரும்போது எல்லாம் கலந்த கஞ்சியாகிவிடுகிறது.

மகளிடம் சொன்னேன். இப்போது ஓடிடியில் வரும் பல படங்களுக்குத் தமிழிலேயே வசனத்தை எழுத்தாகப் போடலாம் என்றாள். உடனே போட்டுப் பார்த்தோம். எங்கள் ஹால் ரயில் பெட்டி மாதிரி நீளம். ஒரு கோடியில் டிவி, மறு கோடியில் கட்டில். மனைவிக்கு இடுப்பு வலி, கட்டிலை விட்டால் வேறெங்கும் நிம்மதியாக உட்கார முடியாது. அங்கிருந்து பார்த்தால் அந்த எழுத்து எறும்பு ஊர்வது போல இருந்தது. கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்துவிட்டு மறுபடி அடுக்களைக்குப் போய்விட்டாள்.

சரி, ஒரு புரொஜெக்டர் வாங்குவோம், சுவர் முழுக்க எழுத்து வரட்டும், அப்போது பார்க்கலாம் என்று அன்றைக்கே முடிவு செய்தேன். நான் ஒன்றை நினைத்துவிட்டால் நடத்தாமல் விடமாட்டேன். இதை என் மனைவி குறையாகச் சொல்வாள், நான் பெருமையாகச் சொல்வேன்.

மைத்துனனுக்கு உலகத்தில் தெரியாத விஷயமே கிடையாது. "மாமா, லூமன்ஸ் பாருங்க, ஃபோர்கே பாருங்க" என்று போனில் படம் படமாகக் காட்டினான். ஒரு பெட்டி மேல் எழுதியிருந்த வெளிச்சக் கணக்கை நம்பினால் அதை வைத்து ஒரு ஸ்டேடியத்தில் கிரிக்கெட் ஆடலாம். "அதுல எழுத்துத் தெளிவா வருமா?" என்று கேட்டேன். "எழுத்தா? படம் பாக்கறதுக்குத்தானுங்க மாமா வாங்கறோம்" என்றான். இவனோடு பேசிப் பயனில்லை என்று மகளை மட்டும் அழைத்துக்கொண்டு டவுனுக்குப் போனேன்.

கடையில் ஒரு அறையை இருட்டாக்கி வைத்திருந்தார்கள். கடைக்காரர் எல்லா புரொஜெக்டரிலும் ஒரே படத்தைத்தான் போட்டார். அருவி கொட்டியது, கிளி பறந்தது, யாரோ மாம்பழத்தை அறுத்தார்கள்.

"கிளி நல்லாருக்குதுங்க. தமிழ் எழுத்துப் போட்ட படம் ஒண்ணு போடுங்க" என்றேன்.

"எல்லாரும் கலரைத்தானுங்க பாப்பாங்க."

"நான் எழுத்தைப் பாக்க வந்தவனுங்க. லைட்டையும் போட்டு விடுங்க. எங்க ஊட்டுல மத்தியானந்தான் படம் ஓடும்."

அவருக்கு முகம் சுண்டிவிட்டது. பாதி புரொஜெக்டர்கள் லைட்டைப் போட்டதுமே வெளுத்துப் போயின. மிச்சத்தில் மகள் தன் போனை இணைத்துத் தமிழ் எழுத்தோடு ஒரு படம் ஓட்டினாள். நான் கிட்டே போய்க் குனிந்து கீழ் ஓரத்தைப் பார்த்தேன். துணி பார்க்கிறவன் பழக்கம் அது, முதலில் கண் ஓரத்துக்குத்தான் போகும். நடுவில் கதாநாயகி முகம் பளிச்சென்று இருந்தது. கீழே, வசனம் வருகிற இடத்தில், எழுத்தெல்லாம் மழையில் நனைந்தது போல ஊறியிருந்தது. ஒன்றில் சுழி கரைந்து ணகரமும் னகரமும் ஒன்றாகவே தெரிந்தன. ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே வந்ததில் கடைசியில் ஒரே ஒரு மாடல் நின்றது. அதில் ஓரமும் நடுவும் ஒரே மாதிரி கூர்மையாக இருந்தன.

"இதை ஊட்டுக்கு எடுத்துட்டுப் போய்ப் போட்டுப் பாத்துட்டுச் சொல்றனுங்க."

"அப்பிடியெல்லாம் குடுக்கறதில்லைங்களே."

"சாம்பிள் ஓகே ஆகாம நான் ஒரு கிலோ துணி ஓட்டுனதில்லீங்க. உங்குளுக்கும் பனியன் கம்பெனிக்காரங்கதானுங்க கஸ்டமரு. எங்க பழக்கம் உங்குளுக்குத் தெரியாதா?"

மகள் என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். நான் அசையவில்லை. கடைசியில் அவர் சிரித்துவிட்டு, டெமோ பீஸையே பையில் போட்டுக் கொடுத்தார்.

இனி திரை. இங்கேதான் சறுக்கினோம். ஹால் சுவர் வெளிர் பச்சை, அதில் படம் போட முடியாது. வெள்ளைத் துணி வேண்டும். வெள்ளைத் துணிக்கு நான் யாரிடம் போய் நிற்க வேண்டும்? சொந்தபந்தம், ஒறம்பரை முழுக்க இந்தத் தொழில்தான். போனில் விசாரித்தபோது ஒருவர் கனமான துணி போடு என்றார், இன்னொருவர் இன்டர்லாக் போடு, அதுதான் இரண்டு பக்கமும் ஒரே மாதிரி இருக்கும் என்றார். எந்த நூல், எத்தனை ஜிஎஸ்எம் கனம் என்று ஆளாளுக்குப் பேசினோமே தவிர, பனியன் துணி எதற்கு என்று ஒருவர்கூடக் கேட்கவில்லை. நானே நல்ல நூல் போட்டு இன்டர்லாக் ஓட்டி, பிளீச்சிங் கொடுத்து வாங்கி, மரச் சட்டத்தில் இழுத்து ஆணி அடித்தேன். மிஷினிலிருந்து இத்தனை அழகாக ஒரு துணி இறங்கியதில்லை என்று எனக்கே கர்வம்.

ஞாயிறு வந்தது. மனைவியைக் கட்டிலில் தலையணை வைத்து உட்கார்த்திப் படத்தைப் போட்டோம். சுவர் அகலத்துக்குப் படம். மைத்துனன் விசில் அடித்தான். மனைவி சிரித்த முகமாகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எப்பிடி இருக்குது?"

"சூப்பருங்க."

அந்தச் 'சூப்பர்' எனக்குப் பிடிக்கவில்லை. வாசிக்கிறவர்கள் கண் இடமிருந்து வலமாக ஓட வேண்டும். அவள் கண் ஒரே இடத்தில் நின்றது. படத்தை நிறுத்திவிட்டு, "இப்ப அவன் என்ன சொன்னான்?" என்று கேட்டேன்.

கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்தாள். "ஆசையா வாங்கியாந்துருக்கறீங்க. விடுங்க, நான் படத்தைப் பாத்துக்கறனுங்க" என்றாள்.

எனக்குக் கோபம் தலைக்கு ஏறியது. அவள் மேல் இல்லை, கடைக்காரர் மேல். ஒன்றைக் காட்டிவிட்டு, பையில் போடும்போது இன்னொன்றை மாற்றிவிட்டார் என்றே நினைத்தேன். மறுநாள் காலையில் கடை திறக்கும்போதே வாசலில் நின்றேன். அவர் என்னை உள்ளே வரச் சொன்னார். புரொஜெக்டரை வாங்கி, எதிரே இருந்த வெள்ளைச் சுவரில் போட்டார். எழுத்து கல்வெட்டில் வெட்டிய மாதிரி நின்றது.

"ஊட்டுல எதும்மேலங்க போட்டீங்க?"

சொன்னேன். அவர் சிரிப்பை அடக்கப் பார்த்து, முடியாமல் சிரித்துவிட்டார். "இந்த ஊர்ல எங்கிட்ட வர்ற பாதிப்பேரு இதத்தானுங்க பண்றாங்க. அவுங்குளுக்குப் படந்தான் முக்கியம், தெரியறதில்ல. நீங்க எழுத்துப் பாக்கறவரு, மாட்டிக்கிட்டீங்க."

வீட்டுக்கு வந்ததும் துணியின் கிட்டே போய் நின்று பார்த்தேன். பார்த்த பிறகுதான் என் புத்தி எனக்கே விளங்கியது. பின்னல் துணி முழுக்கக் கண்ணி. ஒவ்வொரு கண்ணிக்கும் ஒரு மேடு, ஒரு பள்ளம். படத்தில் அது தெரியாது, மெல்லிய எழுத்தை அது கடித்துவிடும். போதாததற்கு இழுத்து அடித்த துணி இரண்டு நாளில் தளர்ந்து, கீழ்ப் பக்கம் தொய்ந்திருந்தது. ஃபேன் காற்று பட்டால் நடுங்கியது. இழுத்தால் நீளும் என்பதற்காகவே உலகம் வாங்கும் துணியை இழுத்துக் கட்டி, அது நேராக நிற்கவில்லை என்று நான் கடைக்காரரோடு சண்டைக்குப் போயிருக்கிறேன். சட்டத்தோடு கழற்றி ஷெட்டுக்குள் கொண்டுபோய்ப் போட்டேன்.

"இனி துணிப் பேச்சே இல்ல. சொவுத்துக்கே வெள்ளை அடிக்கறோம்" என்றேன்.

மகளும் மைத்துனனும் சுவரைத் தேய்த்துச் சமப்படுத்தினார்கள். மினுமினுப்பு இல்லாத வெள்ளை பெயிண்ட் வாங்கி வந்து இரண்டு கோட் அடித்தோம். இந்த முறை நான் ஒரு காரியம் செய்தேன். ஓகே சொல்லும் பொறுப்பை மனைவியிடமே கொடுத்துவிட்டேன். துணி வாங்குகிறவர்தானே சாம்பிளைப் பார்க்க வேண்டும்? இத்தனை நாள் நாங்கள் மூன்று பேரும் பார்த்து நாங்களே ஓகே சொல்லிக்கொண்டிருந்தோம்.

அவள் கட்டிலில் உட்கார்ந்ததும் வேறு ஆளாகிவிட்டாள். முதலில், "எனக்காவ இத்தன வேலை வேண்டாமுங்க" என்றவள், பிறகு எங்களை ஆட்டி வைத்தாள்.

"இன்னுங் கொஞ்சம் மேல தூக்குங்க, டீப்பாய் மறைக்குது. கண்ணு, எழுத்த இன்னும் பெருசு பண்ணு. வெள்ளையில வேண்டாம், மஞ்சள்ல போடு. ஆமா, இப்பிடி. டேய் தம்பி, அந்த ஜன்னலச் சாத்து."

"போதுங்களா அம்மா?" என்றாள் மகள்.

"அவசரப்படாத சாமி. வாசிச்சுப் பாத்துட்டுச் சொல்றேன்."

சுவரில் வந்த வரிகளை ஒவ்வொன்றாக உரக்க வாசித்தாள். முதலில் தடுக்கியது, வாசித்து முடிப்பதற்குள் அடுத்த வரி வந்தது. நான் படத்தை நிறுத்தப் போனேன். "நிறுத்தாதீங்க" என்றாள். கொஞ்ச நேரத்தில் உரக்க வாசிப்பது நின்று உதடு மட்டும் அசைந்தது. பிறகு அதுவும் நின்றது. கண் மட்டும் இடமிருந்து வலமாக ஓடிக்கொண்டிருந்தது. அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். அடுக்களைப் பக்கம் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன்.

அது ஒரு சிரிப்புப் படம். வாடகை கேட்க வந்த வீட்டுக்காரர் கதவைத் தட்டுகிறார். உள்ளே இருப்பவன் கட்டிலுக்கு அடியில் ஒளிந்துகொள்கிறான். கதவு திறக்கிறது. வீட்டுக்காரர் குனிந்து கட்டிலுக்கு அடியில் பார்க்கிறார். இவன் அவரை நிமிர்ந்து பார்க்கிறான். சுவரின் அடியில் மஞ்சள் எழுத்து வந்தது.

மனைவி வெடித்துச் சிரித்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணாடி நழுவ, கட்டில் ஆடச் சிரித்தாள். மைத்துனன் திரும்பித் தன் அக்காவைப் பார்த்தான், மகள் என்னைப் பார்த்தாள். திரையில் நடிகர் இன்னும் வாயைத் திறக்கவே இல்லை. அதற்குப் பிறகுதான் வசனம் வந்தது. நாங்கள் மூன்று பேரும் அவளுக்குப் பின்னால் சிரித்தோம்.