அப்பாவை ஏன் வெறுங்காலோடு அடக்கம் செய்தோம்

அப்பாவைக் கர்த்தர் அழைத்துக்கொண்டு இந்த மழையோடு ஒரு வருஷம் ஆகிறது. அன்று தாராவி வீட்டுக்கு வந்தவர்களில் பலர், பெட்டியில் அப்பாவின் வெறுங்காலைப் பார்த்து முகம் சுளித்தீர்கள். சர்க்கார் உத்தியோகத்தில் இருந்த மனுஷருக்கு ஒரு ஜோடி பூட்ஸுக்கா பஞ்சம் என்று என் காதுபடவே பேசினீர்கள். அதற்குப் பதில் சொல்லவே இதை எழுதுகிறேன்.

அப்பா தூத்துக்குடிக்குத் தெற்கே ஒரு சிற்றூரில் பிறந்தார்கள். சிறு வயதிலேயே தாயாரை இழந்து உப்பள வேலைக்குப் போனார்கள். மேலே காய்ந்து வெளுத்துக் கிடக்கும் தரை, அடியில் இளகியிருக்கிறதா என்று கால் வைத்ததும் சொல்லிவிடுவார்களாம். பிழைப்புக்காகப் பம்பாய் வந்து, மேற்குக் கடலோரத்தில் உள்ள சிறிய விமான நிலையத்தில் புல் வெட்டும் ஆளாகச் சேர்ந்தார்கள். ஊரிலிருந்து வந்தவர்கள் அப்பாதான் விமானம் ஓட்டுகிறார்கள் என்று நம்பினார்கள். அம்மாவும் அதை மறுத்துப் பேசியதில்லை.

அந்த விமான நிலையத்துக்கும் ஒரு காலம் இருந்தது. யுத்தத்துக்கு முன்பு தபால் விமானங்கள் அங்கேதான் இறங்கின. ஆனால் அது கடலோரச் சதுப்பு நிலம், மழைக்காலத்தில் குளமாகிவிடும். பிறகு வேறிடத்தில் பெரிய விமான நிலையம் வந்தது, பெரிய விமானங்களெல்லாம் அங்கே போய்விட்டன. இங்கே மிஞ்சியவை சில பயிற்சி விமானங்களும், துருப்பிடித்த கொட்டகை ஒன்றும், அப்பாவைப் போல ஏழெட்டுப் பேரும்தான்.

மழை பிறந்தால் மட்டும் அப்பாவுக்குத் தனி மரியாதை. காலையில் முதல் விமானம் கிளம்புமுன், ஓடுபாதையை ஒட்டிய மண் தரை முழுவதையும் வெறுங்காலோடு நடந்து பார்ப்பார்கள். "ஜமீன் கைசா ஹை, அண்ணா?" என்று தரையைப் பற்றி அதிகாரி கேட்பார். தரை இறுகியிருந்தால் "பக்கா", இளகியிருந்தால் "கச்சா". அப்பா "கச்சா" என்றால் அன்று விமானம் கிளம்பாது.

சீனச் சண்டைக்கு அடுத்த வருஷம், மாட்டுங்காவில் நான் படித்த பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை விமானம் பார்க்க அழைத்துப் போக ஏற்பாடாயிற்று. என் தோழிகளின் தகப்பன்மார் எல்லாம் ஆபீசில் கோட்டும் பூட்ஸுமாக இருப்பவர்கள். முந்தின நாள் சாயங்காலம் நான் அப்பாவிடம் போய் நின்றேன்.

"அப்பா, நாளைக்கு மட்டும் பூட்ஸ் போட்டுக்கிடுங்க. எங்கூடப் படிக்கிற பிள்ளையெல்லாம் வாராங்க."

"அத மாட்டுனா எனக்குத் தரை ஒண்ணும் தெரியாதே மக்கா."

"ஒரு நாளைக்குத்தானப்பா!"

வேலையில் யூனிபாரத்தோடு கொடுத்திருந்த, கட்டிலடியில் கிடந்த பூட்ஸை நானே துடைத்து எடுத்து வைத்தேன்.

மறுநாள் மழை விட்டு வெயில் அடித்தது. நாங்கள் வேலியோரம் வரிசையாக நின்று பார்க்க, அப்பா பூட்ஸோடு நடந்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. அதிகாரி கேட்டார். அப்பா கொஞ்சம் தயங்கி, "பக்கா" என்றார்கள்.

மேலே போய்விட்டு வந்து இறங்கிய விமானம் ஓடுபாதையை விட்டு மண் தரைக்குத் திரும்பியபோது சக்கரம் மண்ணில் புதைந்தது. மூக்கு தரையில் குத்தி நின்றது. பயிற்சிக்கு வந்திருந்த இளைஞருக்கு வலது முழங்கை நொறுங்கிப் போயிற்று. அதன் பிறகு அவர் விமானம் ஓட்டவே இல்லை.

"தினம் வெறுங்காலோடு போகிறவன் அன்று ஏன் பூட்ஸ் போட்டாய்?" என்று விசாரணையில் கேட்டார்கள்.

"மேரீ கல்தி, சாப்," என்றார்கள் அப்பா. தன் தப்பு என்றதோடு சரி. என்னைப் பற்றி அங்கேயும் சொல்லவில்லை, அம்மாவிடமும் சொல்லவில்லை.

அப்பாவை வாசல் காவலுக்கு மாற்றினார்கள். அதன் பிறகு ஜமீன் எப்படி என்று அவர்களை யாரும் கேட்கவில்லை. அந்த இளைஞர் ஆஸ்பத்திரியில் இருந்தவரை ஞாயிறு ஆராதனை முடிந்ததும் நேரே அங்கே போய்விடுவார்கள். சாப்பாடு குறைந்தது, பேச்சு குறைந்தது. கடைசியில் நெஞ்சில் சளி கட்டிப் படுத்தார்கள். மழை விட்டபோதெல்லாம் காலைக் கட்டிலுக்குக் கீழே தொங்கவிட்டுத் தரையை அழுத்திப் பார்த்தார்கள். அதைப் பார்க்க என்னால் முடியவில்லை.

"அப்பா, அன்னைக்கு நான் மட்டும் சொல்லாம இருந்திருந்தா..."

"விடு மக்கா. நீ சொன்னா எனக்கு எங்க போச்சு புத்தி?"

அப்பா கண்மூடிய அன்று, குர்லாவிலிருந்து வந்த சித்தப்பா புது பூட்ஸ் வாங்கி வந்திருந்தார்கள். "எங்கண்ணன வெறுங்காலோடயா அனுப்பப் போற?" என்று அழுதார்கள். நான் வாங்கித் தள்ளி வைத்தேன். அந்தக் காலில் இன்னொரு முறை பூட்ஸ் மாட்ட எனக்குத் துணிவில்லை. சித்தப்பா என்னை மன்னிக்க வேண்டும்.

சேற்றில் குழி வெட்டிக் கொடுத்தவர்களுக்கும், ஜெபம் செய்த போதகர் ஐயரவர்களுக்கும், மூன்று நாள் எங்கள் வீட்டில் அடுப்பு எரிய விடாமல் சோறு கொண்டுவந்த பக்கத்து வீட்டாருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அன்று பெட்டியின் ஒரு பக்கத்தை இடது கையால் பிடித்து வந்தவரைப் பலர் யாரென்று கேட்டீர்கள். அவர்தான் அந்த இளைஞர். இப்போது செம்பூரில் ஓர் ஆபீசில் இருக்கிறார். இந்த நினைவு மலரை அவருக்கும் கொடுக்க வேண்டும், ஆனால் அவருக்குத் தமிழ் தெரியாது. வரும் ஞாயிறு ஆராதனை முடிந்ததும் நானே போய், இதை முழுவதும் இந்தியில் அவருக்கு வாசித்துச் சொல்லப் போகிறேன்.