நாலு மூலை, இருபத்துநாலு வரிசை

என் வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்து ஆறு மாதமாகிறது. அவருடைய போனுக்குள் அவருடைய சிரிப்பு இருக்கிறது. அடுக்களையிலிருந்து நான் காக்காயைத் திட்டுவதைத் திருட்டுத்தனமாகப் பதிவு செய்து, எனக்கே போட்டுக் காட்டுவார். கடைசியில் அவர் சிரிப்பும் அதில் விழுந்திருக்கும். அதைக் கேட்கத்தான் தவித்தேன். போனோ பூட்டிக் கிடந்தது.

எனக்கு எழுத்தும் தெரியாது, எண்ணும் தெரியாது. நான் சொல்லச் சொல்ல இதை எழுதுவது என் மருமகள். பீளமேட்டுப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அவள் ரசத்தில் புளி தூக்கல் என்பதையும் எழுது என்றேன். எழுதிவிட்டாள், தங்கம்.

போனைத் திறக்க நாலு எண் வேண்டுமாம். எண்கள் வரும் இடத்தில், மேலே ஒட்டிய தாள் நாலு மூலையில் மட்டும் தேய்ந்து வெளுத்திருந்தது. எனக்கு அது கோலப்புள்ளி மாதிரிதான் தெரிந்தது. நாலையும் அமுக்கினேன். திறக்கவில்லை.

"ஏனுங்க அத்தை, எந்த வரிசையில அமுக்குனீங்க?"

"வரிசை என்ன கண்ணு வரிசை? கோலத்த எந்தப் புள்ளியில ஆரம்பிச்சாலும் கோலம் ஒண்ணுதான?"

தலையில் கை வைத்துக்கொண்டாள். "எங்க பள்ளிக்கூடத்துப் பசங்களும் இதுலதானுங்க கோட்டை விடறாங்க. சாம்பாருக்கு நாலு காய் எடுக்கறோம். எதை முன்னால எடுத்தா என்ன, அதே நாலுதான். அது சேர்க்கை. போனுக்கு எது முன்ன, எது பின்னன்னு வேணும். அது வரிசை மாற்றம். நாலு மூலைக்கு இருபத்துநாலு வரிசை வருமுங்க. தப்புத்தப்பா அமுக்கிட்டே இருந்தா உள்ள இருக்கறது அழிஞ்சாலும் அழிஞ்சு போயிரும்."

போனைக் கீழே வைத்துவிட்டேன். இத்தனை வருசம் கூட இருந்தும் அவருக்கு எது முதல் என்று தெரியவில்லையே!

சிங்காநல்லூர் தாண்டி எங்களுக்குத் தோட்டம் இருந்தது. இப்போது அங்கே அடுக்குமாடி. விதைப்பானாலும் உழவானாலும் அவர் ஈசான மூலையில்தான், அதாவது வடகிழக்கில்தான், ஆரம்பிப்பார். கல்யாணமான புதிதில் நான் வேறு மூலையில் கொத்தமல்லியைத் தூவிவிட, "ஏன் அம்மணி, சாமிக்கே வழி காட்டறயா?" என்று கேலி செய்தது திடீரென்று காதில் விழுந்தது.

"கண்ணு, இதுல ஈசான மூலை எது?"

"மேல வடக்குன்னு வெச்சா, மேல வலதுபக்கமுங்க." சொன்னவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "முதல் எண் தெரிஞ்சா மிச்சம் ஆறே வரிசைதானுங்க அத்தை!"

"ஆறு எதுக்கு? அவரு வலமாத்தான் போவாரு."

அவளை விடவில்லை, நானே அமுக்கினேன். ஈசானம், அதற்குக் கீழ் மூலை, அப்படியே இடப்பக்கம், பிறகு மேல் மூலை. திறந்துகொண்டது.

மருமகள் தேடிப் போட்ட பதிவில் காக்காயைத் திட்டுகிறேன். என்ன தொண்டை எனக்கு! பிறகு அவர் சிரிப்பு, ஒரு இருமல், "காக்கா அப்பவே போயிருச்சு அம்மணி..." அதற்குமேல் என்னவோ சொல்கிறார். நான் திட்டுவதை நிறுத்தாததால் கேட்கவில்லை. அந்த இடத்தைத்தான் திரும்பத் திரும்பப் போடுகிறேன்.

"ஈசியா வேற நம்பர் வெச்சுத் தரட்டுங்களா அத்தை?"

வேண்டாம் என்றேன். தோட்டத்தை ஒரு சுற்று சுற்றி வந்தால்தான் அவர் சிரிப்பார் என்றால், சுற்றிவிட்டுப் போகிறேன்.