ஹொல்ம்லியாவில் சொல்லப்பட்ட பெயர்

ஒஸ்லோவில் ஒரு முதியோர் இல்லத்தின் மூன்றாம் மாடியில் இருந்த இங்கெபொர்க் என்ற மூதாட்டியின் யன்னல் விளிம்பில் ஒரு புத்தர் தலை இருந்தது. தாய்லாந்துக்குச் சுற்றுலா போனபோது வாங்கிய வெண்கலத் தலை. அங்கே பராமரிப்பு வேலை செய்யும் சிவமலர் வரும் நாட்களில் அது வெளியே, பனி மூடிய கார்களைப் பார்த்துக்கொண்டிருக்கும். மற்ற நாட்களில் அறைக்குள் பார்த்துக்கொண்டிருக்கும். இங்கெபொர்க் இதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. கவனித்தவள் யாங்சொம்.

யாங்சொம் திபெத்துக்காரி. அதே இல்லத்தில் சிவமலரோடு சில வருடங்களாக வேலை செய்பவள். இருவருக்கும் பொதுவாக இருந்தது நோர்வேஜிய மொழி மட்டும்தான். அதையும் ஆளுக்கொரு ராகத்தில்தான் கதைப்பார்கள். ஆனாலும் முதுகுவலி, பிள்ளைகளின் படிப்பு, மேலாளரின் புதுப்புது யோசனைகள் எல்லாவற்றையும் அந்த மொழியிலேயே பேசித் தீர்த்திருந்தார்கள்.

மார்ச் மாதத்தில் ஒருநாள் சிவமலர் அந்தத் தலையைத் திருப்பிக்கொண்டிருந்தபோது, கையில் துவாய்களோடு யாங்சொம் உள்ளே வந்துவிட்டாள்.

“நீயோ? நான் கிழவிதான் திருப்புறா எண்டெல்லோ நினைச்சன்” என்றாள்.

சிவமலர் படுக்கை விரிப்பை மாற்றத் தொடங்கினாள். இடைவேளையில் யாங்சொம் தேநீரோடு வந்து எதிரே உட்கார்ந்தாள்.

“சொல்லு. அவர் உனக்கு என்ன செய்தவர்?”

கேட்டதில் கோபம் இல்லை. பக்கத்து வீட்டுக்காரனோடு என்ன சண்டை என்று விசாரிப்பதுபோல்தான் கேட்டாள். அதனால்தானோ என்னவோ, வேலை இடத்தில் யாருக்கும் சொல்லியிராத கதையைச் சிவமலர் அன்றைக்குச் சொன்னாள்.

யாழ்ப்பாணத்தை இராணுவம் பிடித்த பிறகு சிவமலரின் வீட்டுக்குப் போகும் ஒழுங்கை முகப்பில் ஒரு சோதனைச்சாவடி வந்தது. அங்கே ஓர் அரசமரம். அதன் கீழ் துவக்கேந்திய படையினர் புத்தர் சிலை ஒன்றை வைத்து, நிறக் கொடிகளும் கட்டினார்கள். ஒருநாள் சிவமலரின் தம்பி ரிஷிகேசன் மண்ணெண்ணெய் வாங்கச் சைக்கிளில் போனான். சாவடியில் அவனை இறக்கியதைக் கண்டவர்கள் இருக்கிறார்கள். அதற்குப் பிறகு கண்டவர்கள் யாரும் இல்லை. அம்மாவும் அக்கா யோகராணியும் சிவமலரும் மாதக் கணக்காக அந்தச் சாவடிக்கு நடந்தார்கள். கேட்க வருகிறவர்கள் சிலைக்கு முன்னால் செருப்பைக் கழற்றிவிட்டு நிற்கவேண்டும் என்பது அங்கே சட்டம். வெயிலில் காய்ந்த மண்ணில், வெறுங்காலோடு, அந்தச் சிலையின் முகத்தைப் பார்த்தபடி மணிக்கணக்காக நின்றார்கள்.

“அந்த முகத்திலை ஒரு சிரிப்பு இருக்கெல்லோ” என்றாள் சிவமலர். “எனக்கு அதைப் பாக்கேலாது.”

யாங்சொம் வெகுநேரம் கோப்பையைக் கையில் உருட்டிக்கொண்டிருந்தாள். சின்னப் பிள்ளையாக, வேற்று ஆட்களோடு பனிமலை கடந்து நேபாளத்துக்கு வந்தவள் அவள். இந்தியாவில் விடுதிப் பள்ளிக்கூடத்தில் படித்தாள். விட்டுவந்த தாயைப் பிறகு காணவே இல்லை. தாய் இறந்த செய்தியும் எத்தனையோ மாதம் கழித்துத்தான் வந்தது.

“உங்கட ஊருக்குப் புத்தர் துவக்கோடை வந்திருக்கிறார்” என்றாள் கடைசியில். “எங்கட ஊரிலை துவக்கோடை வந்தவங்கள் புத்தரை உடைச்சவங்கள்.”

அடுத்த நாள் முதல் அந்தத் தலையைத் திரும்ப அறைப்பக்கம் திருப்பி வைப்பதை யாங்சொம் விட்டுவிட்டாள்.

மே மாதக் கடைசியில் அவள் ஓர் அழைப்போடு வந்தாள். அவர்களுடைய புனித மாதத்தின் பௌர்ணமியை ஒட்டி, ஹொல்ம்லியாவில் ஒரு மண்டபத்தில் ஒஸ்லோத் திபெத்தியர்கள் கூடுகிறார்களாம். பிரார்த்தனை, சாப்பாடு, ஆட்டம் எல்லாம் உண்டு.

“நீ கும்பிட வரவேண்டாம். சமைக்க ஆள் காணாது. அதுக்கு வா” என்றாள்.

சிவமலர் யோசித்துச் சொல்வதாகச் சொல்லிவிட்டு ரொம்சோஸிலிருந்த வீட்டுக்குப் போனாள். கணவர் பரமநாதன் கேட்டவுடனேயே முகத்தைச் சுழித்தார்.

“பிக்குமாரிட்டையோ போகப் போறீர்? எங்கட சனம் கேட்டால் என்ன சொல்லும்?”

“அவையளும் அகதியள்தானே, அப்பா” என்றாள் மகள் ஆரணி. ஆசிரியப் பயிற்சிக் கல்லூரியில் படித்துக்கொண்டே பகுதிநேரம் வேலை செய்யும் பிள்ளை. “நானும் வாறன் அம்மா. எனக்கு அண்டைக்கு வக்ட் இல்லை.” வேலை முறையை அவள் எப்போதும் வக்ட் என்றுதான் சொல்வாள்.

மகள் வருகிறேன் என்றதும் சிவமலருக்குப் போகாமலிருக்கச் சாட்டு இல்லாமல் போயிற்று.

அந்த ஞாயிற்றுக்கிழமை நல்ல வெயில். ஹொல்ம்லியா நிலையத்தில் உள்ளூர் ரயிலால் இறங்கி நடந்தபோது, மண்டபத்தின் வாசலில் கட்டியிருந்த கொடிகள் தூரத்திலிருந்தே தெரிந்தன. நீலம், வெள்ளை, சிவப்பு, பச்சை, மஞ்சள். சிவமலர் நின்றுவிட்டாள்.

“அம்மா, திரும்பிப் போவமோ?” என்று ஆரணி மெதுவாகக் கேட்டாள்.

“இல்லை. இவ்வளவு தூரம் வந்தாச்சு.”

உள்ளே போனதும் சிவமலர் மண்டபத்தின் முன்பக்கத்தைப் பார்க்காமல் நேரே சமையலறைக்குள் நுழைந்தாள். அங்கே பெண்களும் ஆண்களுமாக ஒரு கூட்டம் மாவைத் தட்டி, முட்டைக்கோவாவும் உருளைக்கிழங்கும் வைத்து மோமோ மடித்துக்கொண்டிருந்தது. புனித மாதத்தில் இறைச்சி கிடையாது. யாங்சொம் ஒரு தட்டை அவளிடம் தள்ளினாள். சிவமலர் ஒன்றை எடுத்து, உள்ளீடு வைத்து, ஓரத்தைப் பல்லுப்பல்லாகக் கிள்ளி மூடினாள்.

“இதென்ன மடிப்பு?” என்று பக்கத்திலிருந்தவர் கேட்டார்.

“கொழுக்கட்டை. எங்கட ஊரிலை உள்ளுக்குப் பயறும் சர்க்கரையும் வைப்பம்.”

“இனிப்போ? மோமோவுக்குள்ளை இனிப்போ?” அந்த மனிதர் உண்மையிலேயே அதிர்ந்துபோனார். சமையலறை முழுக்கச் சிரித்தது. சிவமலரும் சிரித்தாள். பிறகு அவிந்து வந்த தட்டுகளில் கொழுக்கட்டை வடிவில் இருந்தவற்றைத்தான் சின்னப் பிள்ளைகள் தேடித் தேடி எடுத்தார்கள்.

சாப்பிட்டு முடிந்ததும் பிரார்த்தனை தொடங்கியது. ஆரணி முன்னால் போய் உட்கார்ந்துவிட்டாள். சிவமலர் சமையலறைக் கதவோரம் நின்றாள். மேடையில் தலாய் லாமாவின் படமும், பட்டுத் துணி போர்த்திய சிறிய புத்தர் சிலையும் இருந்தன. நெய் விளக்கு ஏற்ற மண்டபக்காரர்கள் அனுமதிக்கவில்லை என்பதால், பற்றரியில் எரியும் சின்ன விளக்குகளை வரிசையாக வைத்திருந்தார்கள். கருஞ்சிவப்பு அங்கியும் அதன் கீழ் ஓடுவதற்குப் போடும் சப்பாத்துமாக ஒரு நடுத்தர வயதுத் துறவி தொண்டையின் அடியிலிருந்து ஓதிக்கொண்டிருந்தார். அங்கி எங்கள் ஊர்ப் பிக்குமாருடையதுபோலக் காவி நிறமாக இருந்திருந்தால் நான் அந்த இடத்திலேயே திரும்பியிருப்பேன் என்று சிவமலர் பிறகு சொன்னாள்.

ஓதல் நின்றது. ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்து துறவியிடம் போய் ஏதோ சொன்னார்கள். அவர் குனிந்து கேட்டு, பிறகு உரத்துச் சொன்னார். எல்லோரும் சேர்ந்து ஒரு வரி பாடினார்கள்.

யாங்சொம் கதவடிக்கு வந்தாள். “பேர் சொல்லுறம். செத்த ஆக்களின்ர பேர். உன்ர தம்பியின்ரயும் சொல்லட்டோ?”

சிவமலரின் முகம் இறுகியது. “அவன் செத்தவன் எண்டு நான் சொல்லேல்லை.”

இதுதான் அந்த வீட்டில் அவிழ்க்க முடியாத முடிச்சு. கோயிலில் தம்பியின் பெயருக்கு அர்ச்சனை செய்தால் அவன் உயிரோடு இருக்கிறான் என்று தனக்கே பொய் சொல்வதுபோல் இருக்கும். மோட்ச விளக்கு ஏற்றினால் தன் கையாலேயே அவனைக் கொல்வதுபோல் இருக்கும். அதனால் சிவமலர் இரண்டையும் செய்வதில்லை. கடைசியில் அவனுடைய பெயரை வாயால் சொல்வதையே விட்டுவிட்டாள்.

யாங்சொம் துறவியிடம் போய்த் திபெத்திய மொழியில் ஏதோ கேட்டாள். அவர் நிமிர்ந்து கதவடியில் நின்ற சிவமலரைப் பார்த்தார். பிறகு இருக்கையை விட்டு எழுந்து, வரிசையில் நின்றவர்களைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு, அவரே நடந்து வந்தார். யாங்சொம் மொழிபெயர்த்தாள்.

“லாமா சொல்லுறார், உன்ர தம்பி உயிரோடை இருக்கிறாரோ இல்லையோ எண்டது இந்தப் பிரார்த்தனைக்குத் தெரியத் தேவையில்லையாம். எங்கை இருந்தாலும், எப்பிடி இருந்தாலும், அவருக்குத் துன்பம் இல்லாமல் இருக்கட்டும் எண்டு மட்டும்தான் கேக்கிறதாம். பேர் மட்டும் போதுமாம்.”

“ரிஷிகேசன்” என்றாள் சிவமலர்.

துறவியின் முகம் மலர்ந்தது. “ரிஷிகேஷ்!” என்றார். வட இந்தியாவில் வளர்ந்தவர் அவர். கங்கைக் கரையில் அந்தப் பெயரில் ஓர் ஊர் இருப்பதாகவும் தான் அங்கே போயிருப்பதாகவும் சொன்னார்.

“இல்லை. ரிஷிகேசன்.”

“ரிஷி… கேஷன்.”

“கேசன்” என்றாள் சிவமலர். குரல் உயர்ந்துவிட்டது. மண்டபம் திரும்பிப் பார்த்தது. “ரிஷிகேசன்.”

துறவி தலையாட்டி, மாணவன்போலத் தனக்குள் சில தடவை சொல்லிப் பார்த்தார். பிறகு திரும்பிப் போய் உட்கார்ந்து, ஒரு பிசகும் இல்லாமல் உரத்துச் சொன்னார். அங்கே இருந்த அத்தனை பேரும், மற்றவர்களின் பெயர்களுக்குப் பாடியதைப்போலவே, அந்த ஒரு வரியைப் பாடினார்கள்.

சிவமலர் புத்தரைக் கும்பிடவில்லை. மேடைப் பக்கம் போகவும் இல்லை. கதவடியில் நின்றபடியே அழுதாள். ஆரணி எழுந்து வந்து தாயின் கையைப் பிடித்துக்கொண்டாள். அவளுக்குக் கேசன் மாமா என்று ஒருவர் இருந்தார் என்பது மட்டும் தெரியும். முழுப் பெயரை அன்றைக்குத்தான் கேட்டாள்.

பின்னேரம் வெளியே புல்லில் வட்டமாக ஆடினார்கள். ஒருவர் கையை ஒருவர் பிடித்து, காலைத் தட்டி, மெல்ல நகரும் ஆட்டம். சிவமலர் இரண்டு சுற்றில் பிடித்துவிட்டாள். ஆரணிதான் கடைசிவரை பிழையான காலைத் தூக்கிக்கொண்டிருந்தாள்.

திரும்பும் ரயிலில் ஆரணி கேட்டாள்.

“மாமா எப்பிடி ஆள் அம்மா?”

சிவமலர் யன்னலுக்கு வெளியே ஓடிய கடலைப் பார்த்தாள். “சரியான பஞ்சி. கடைக்குப் போ எண்டால் நூறு நியாயம் சொல்லுவான். ஆனால் சைக்கிள் ஓடுறதெண்டால் எங்கையும் போவான்…” தொடங்கியவள் நிறுத்தவில்லை. ஒஸ்லோ நடுவண் நிலையத்தில் இறங்கி, நிலக்கீழ் ரயில் மாறி, ரொம்சோஸ் வரும்வரை சொல்லிக்கொண்டே வந்தாள். அவன் நாய்க்குட்டியைச் சேட்டுக்குள் ஒளித்துக்கொண்டு பள்ளிக்கூடம் போனதைக் கேட்டு ஆரணி பெட்டிக்குள் எல்லோரும் பார்க்கச் சிரித்தாள்.

அக்கா யோகராணிக்குச் சொல்வதுதான் பயமாக இருந்தது. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவினர்களோடு இன்றைக்கும் தெருவோரத்தில் தம்பியின் படத்தை ஏந்தி உட்கார்ந்திருப்பவள் அவள். அடுத்த நாள் தொலைபேசியில் சிவமலர் எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னாள்.

“புத்த பிக்குவோ?”

“ஓம் அக்கா.”

“செத்தவன் எண்டு சொல்லேல்லையே?”

“இல்லை. எங்கையிருந்தாலும் துன்பம் வேண்டாம் எண்டு மட்டும்தான்.”

யோகராணி மூக்கை உறிஞ்சினாள். “இஞ்சை இத்தனை வருசமா அந்தக் காவி உடுப்புக்காரர் ஒருத்தரும் எங்களிட்டை ஒரு பேர் கேட்டதில்லையடி” என்றாள். பிறகு, “உன்னைக் கூட்டிக்கொண்டு போன அந்தத் திபெத்துப் பிள்ளையை ஒருநாள் எனக்குக் காட்டு” என்றாள்.

ஆடிப்பிறப்பன்று யாங்சொம் ரொம்சோஸுக்கு வந்தாள். அவளுக்கு வாசல் திறந்தது பரமநாதன். முதலில் என்ன பேசுவதென்று தெரியாமல் நின்றவர், அவளுடைய கணவனும் தன்னைப்போலவே பஸ் ஓட்டுகிறவன் என்று அறிந்ததும், குளிர்காலத்தில் மேட்டில் பஸ் சறுக்குவதைப் பற்றி ஆரம்பித்தார். அவரை நிறுத்துவதே பெரும்பாடாகிவிட்டது. ஆரணி கைபேசியில் யாழ்ப்பாணத்தை எடுத்து மேசைமேல் நிறுத்தினாள். திரையில் யோகராணி தெரிந்தாள். யாங்சொம் கைகூப்பினாள். இருவருக்கும் இடையில் ஒரு சொல்கூடப் பொது இல்லை. இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே இருந்தார்கள்.

“பெரியம்மா, ஏதும் சொல்லுங்கோ. நான் சொல்லிவிடுறன்” என்றாள் ஆரணி.

யோகராணி கண்ணாடியைக் கழற்றிச் சேலைத் தலைப்பால் துடைத்துப் போட்டுக்கொண்டாள்.

“சாப்பிட்டவவோ எண்டு கேள் பிள்ளை” என்றாள்.