அசையாத சிஸ்டர்

மருத்துவமனையின் பெயரை மட்டும் சொல்ல மாட்டேன். மற்றதெல்லாம் நடந்தபடியே சொல்கிறேன்.

நான் ஜெயசுதா. ஜவ்வாது மலையில் ஒரு மனநல மருத்துவமனையில் நர்ஸ். போன ஆடி மாதம், பட்டப்பகலில், பெண்கள் வார்டில் நடந்தது இது.

ரத்தினம்மாளுக்கு நாற்பது வயது இருக்கும். புருஷன் செத்த நாளிலிருந்து உட்கார்ந்த இடத்திலேயே உறைந்துபோனவர். பேச்சில்லை, அசைவில்லை. மூக்குக் குழாய் வழியாகத்தான் கஞ்சி. இதற்கு ஒரு ஊசி உண்டு. போட்டால் சிலர் பத்தே நிமிடத்தில் பேசிவிடுவார்கள். டாக்டர் இளவரசன் எழுதிக் கொடுத்துவிட்டு ஆண்கள் வார்டுக்குப் போனார். மதியம் 3.20க்கு ஊசி போட்டேன்.

வெளியே பனிமூட்டம். கோகிலவாணி என்ற நோயாளி வழக்கம்போல பாடிக்கொண்டே வார்டைச் சுற்றி வந்தாள்.

3.31. ரத்தினம்மாளின் கண் மட்டும் அசைந்தது. கதவு... முதல் கட்டில்... இரண்டாவது கட்டில்... யாரோ நடந்து வருவதைப் பார்ப்பதுபோல.

"அக்கா, இன்னா பாக்கறீங்க?"

"அசையாதீங்க சிஸ்டர். அசையறவங்களதான் அது பாக்கும்."

பாட்டு நின்றது. திரும்பினேன். கோகிலவாணி ஒரு காலைத் தூக்கியபடியே நின்றிருந்தாள். வார்டிலிருந்த மற்ற நான்கு நோயாளிகளும் அப்படியே. யாரும் கண் இமைக்கவில்லை.

சரக்... சரக்...

வெறுங்கால் தரையில் தேய்கிற சத்தம்.

என் பின்னால் வந்து நின்றது.

பிடரியில் குளிர்.

3.38...

3.41...

கதவு திறந்தது.

"இன்னா சிஸ்டர், எல்லாரும் சிலையாட்டம் நிக்கிறீங்க?"

டாக்டர் கைவீசி உள்ளே வந்தார்.

சரக் சரக் சரக்... அவரை நோக்கி.

அவருக்குக் கேட்கவில்லை போல. சிரித்தார். கோகிலவாணி காலை இறக்கிவிட்டு மறுபடி பாடத் தொடங்கினாள்.

அன்று மாலையே ரத்தினம்மாள் எழுந்து சோறு கேட்டார். மூன்று வாரத்தில் குணமாகி வீட்டுக்குப் போனார்.

அவர் போன அடுத்த வாரம், திங்கட்கிழமை. டாக்டர் வேலைக்கு வரவில்லை. குவார்ட்டர்ஸ் கதவை உடைத்தோம். நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். கண் திறந்திருந்தது. உயிர் இருந்தது. அசைவில்லை.

பெரிய டாக்டர் போனில் சொன்னார். அதே ஊசி. நான்தான் போட்டேன்.

மறுநாள் ரத்தினம்மாள் போன் செய்தார். அவருக்கு நாங்கள் யாரும் எதுவும் சொல்லியிருக்கவில்லை.

"டாக்டரு உக்காந்துட்டாரா சிஸ்டர்? அந்த ஊசிய மட்டும் போட்டுடாதீங்க. எங்க வூட்டுக்காரரும் இப்டிதான் உக்காந்திருந்தாரு. ஊசி போட்டாங்க. எழுந்து நடந்தாரு... நாலே அடி."



டாக்டரை அன்று காலையில்தான் எரித்திருந்தார்கள்.