காக்ஸ் டவுனுக்கே தெரிந்த ஜோக்

தொண்ணூற்றாறாம் வருடம் என்று நினைக்கிறேன். பெங்களூர் காக்ஸ் டவுனில் எங்கள் சர்ச் ஆண்டு விழா. வருடா வருடம் பெண்கள் சங்கத்துக்கு ஒரு பாட்டைக் கொடுத்து உட்கார வைத்துவிடுவார்கள். அந்த வருடம் நான் கமிட்டியில் மல்லுக்கட்டி, பத்து நிமிஷம் நகைச்சுவைப் பேச்சு என்று வாங்கி வந்துவிட்டேன். ஆபீஸ் போகும் பஸ்ஸில் நான் வாயைத் திறந்தால் கண்டக்டர் வரைக்கும் சிரிப்பார், அந்தத் தெம்புதான். "ஜனங்க சிரிக்கலேன்னா அடுத்த வருஷம் பழையபடி பாட்டுதாம்மா" என்று சொல்லித்தான் செயலாளர் கொடுத்தார்.

நான் எடுத்துக்கொண்ட விஷயம் என் கணவர். ஒரு நாள் சிவாஜிநகரிலிருந்து ஸ்கூட்டரில் வரும்போது எங்களுக்குள் சண்டை. வழியில் பெட்ரோல் போட நிறுத்தினார், நான் இறங்கினேன். போட்டு முடித்ததும் ஸ்கூட்டருக்கு ஓர் உதை, கிளம்பிவிட்டார். நான் பங்க்கிலேயே நிற்கிறேன். மனுஷர் ஹெல்மெட்டுக்குள்ளிருந்து என்னோடு சண்டை போட்டுக்கொண்டே வீட்டுக்குப் போயிருக்கிறார்! அரை மணி கழித்துத் திரும்பி வந்தவர், பேசிக்கொண்டே போய்விட்டதாகச் சொன்னதோடு சரி. பின்னாலிருந்து பதிலே வராததால், கல்யாணமாகி முதல் தடவையாக ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தாராம் என்பது நான் சேர்த்த மசாலா.

இது மேடையில் எடுபடுமா என்று எனக்கு உள்ளூர உதறல். அதனால் பக்கத்து வீட்டு டீச்சரிடம் சொல்லிப் பார்த்தேன். அப்புறம் பாடகர் குழுவில், தையல்காரரிடம், மீன் கடையில் என்று ஒருவரையும் விடவில்லை. "உங்களுக்கு மட்டும்தான் சொல்றேன், வெளிய விட்றாதீங்க" என்று ஒவ்வொருவரிடமும் கேட்டுக்கொண்டேன். எல்லாரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். கணவரிடம் மட்டும் மூச்சு விடவில்லை.

ஞாயிறு சாயங்காலம் ஹால் நிறைந்த கூட்டம். நான் பெட்ரோல் பங்க்குக்கு வரும்போதே முன்வரிசையில் உதடுகள் என்னோடு சேர்ந்து அசைந்தன. கடைசி வரிக்கு மூச்சை இழுத்தேன். அதற்குள் பாடகர் குழுப் பெண் ஒருத்தி, "ஜெயிச்சுட்டோம்னு நெனச்சாரு, அதானே அக்கா?" என்று ஆசையாக எடுத்துக் கொடுத்தாள். எல்லாரும் அன்பாகத் தலையாட்டினார்கள். சிரிக்கத்தான் யாருமில்லை. ஊரெல்லாம் சொல்லித் தீர்த்துவிட்டு, மேடைக்கு வெறும் கையோடு வந்திருக்கிறேன் என்று அப்போதுதான் உறைத்தது. இன்னும் ஏழு நிமிஷம் பாக்கி. செயலாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

அப்போது கடைசி வரிசையில் என் கணவர் எழுந்தார். நாலு பேர் முன்னால் வாயே திறக்காதவர். தொலைந்தேன் என்று நினைத்தேன்.

"அவ சொன்னதுல ஒரு மிஸ்டேக்குங்க" என்றார். "நான் எங்கே ஜெயிச்சேன்? பூட்டைத் திறந்து உள்ளே போய், காபி போடுன்னேன். பத்து நிமிஷமாச்சு, காபியும் வரலே, சத்தமும் வரலே. ஓவராப் பேசிட்டோம்னு கிச்சன் வாசல்ல நின்னு, ஸாரிம்மா, தப்பு என்னோடதுதான்னு சொன்னேன். எட்டிப் பார்த்தா கேஸ் அடுப்பு மட்டும் இருக்குது!"

ஹால் அதிர்ந்தது. மீன் கடைக்காரம்மா நாற்காலியைத் தட்டித் தட்டிச் சிரித்தார். செயலாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இது யாருக்கும் தெரியாத சரக்கு, எனக்கே தெரியாதது. நானும் மைக்கைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன், கொஞ்சம் அழவும் செய்தேன். அடுத்த வருடமும் எங்களுக்குப் பாட்டு இல்லை, பேச்சுதான்.

அவர் மானத்தை வாங்கத்தான் நான் மேடை ஏறினேன். என் மானம் போகாமலிருக்க அவர் தன் மானத்தைத் தானே எடுத்துக் கொடுத்துவிட்டார். எங்கள் கல்யாண வாழ்க்கையில் அவர் கேட்ட ஒரே மன்னிப்பு அடுப்பிடம் போய், ஊர் முன்னால்தான் என்னிடம் வந்து சேர்ந்தது. இன்றைக்கும் அவர்மேல் கோபமாகச் சமையலறைக்குள் போனால், அடுப்பைப் பார்த்ததும் சிரித்துவிடுகிறேன்.